பாஸும் இல்லை, பெயிலும் இல்லை என்று நிற்கும் என் மகளின் ரிசல்ட்

அனுப்புநர்:
கிருபாவதி சுந்தர்சிங்,
இட்லிக் கடை, ஜில்லா கோர்ட்டு எதிரில், சித்தூர்.

பெறுநர்:
பரீட்சைக் கண்ட்ரோலர் அய்யா அவர்கள்,
பல்கலைக்கழகம், திருப்பதி.

பொருள்: மகள் ஞானசௌந்தரியின் பி.ஏ. மறுமதிப்பீட்டு முடிவு வராதது பற்றி.

மதிப்பிற்குரிய அய்யா,

1. என் மகளுக்குக் கடைசி வருஷத்தில் பொருளாதாரம் ஒரு பேப்பர் போய்விட்டது. நன்றாக எழுதியதாக அவள் சொன்னதால் ஜூன் மாதமே பீஸ் கட்டி மறுமதிப்பீடு கேட்டோம். இன்றுவரை முடிவு இல்லை. எனக்குத் தெலுங்கு பேச வரும், எழுத வராது. தங்கள் ஆபீசில் தமிழ் படிக்கத் தெரிந்த நகரி ஊர்க்காரர் ஒருவர் இருக்கிறார். இதை அவர் படித்துச் சொல்வார்.

2. நடந்ததை எழுதக் கூச்சமாக இருக்கிறது, ஆனாலும் எழுதாமல் தீராது. ஆகஸ்டில் தங்களிடமிருந்து இங்கிலீஷில் ஒரு கார்டு வந்தது. மகள் புத்தூரில் அத்தை வீட்டில் இருந்தாள். இரண்டாம் சனிக்கிழமை, கோர்ட்டு லீவு. படித்துக் காட்ட வக்கீல் யாரும் இல்லை. எழுத்துக்கூட்டியதில் அவள் பெயரும் 'பாஸ்டு' என்ற வார்த்தையும் மட்டும் பிடிபட்டன. ஆர்டர் பாஸ்டு, ஆர்டர் பாஸ்டு என்று தினம் காதில் விழுகிற வார்த்தைதானே. மறுநாள் சர்ச்சில் ஸ்தோத்திரக் காணிக்கை போட்டேன். ஞானசௌந்தரி பி.ஏ. பாஸ் என்று பாஸ்டர் வாசித்தார். சபைக்கே கேசரி கொடுத்தேன்.

சாயங்காலம் பஸ்ஸில் வந்து இறங்கியவளைத் தெருவே கைகுலுக்கியது. வீட்டுக்குள் வந்து கார்டைப் பார்த்தாள். "நான் பாஸ் ஆவலம்மா. என் மனுதான் இன்னொரு செக்‌ஷனுக்கு பாஸ் ஆய்கீது" என்றாள். அதற்குப் பிறகு அவள் சர்ச்சுக்கு வரவில்லை.

3. ஊரையே கிண்டல் செய்பவள் நான். வாய்தா வாங்கும் வக்கீல்களுக்குச் சட்னிக்கும் வாய்தாதான் என்பேன். இப்போது அவர்கள், "இன்னாக்கா, தீர்ப்பு ஆச்சா?" என்கிறார்கள். நான் வாங்கிக் கட்டிக்கொள்ள வேண்டியதுதான். அவள் என்ன செய்தாள்?

4. அக்டோபர் பரீட்சையாவது எழுதட்டும் என்று திருப்பதிக்கு வந்தோம். மறுமதிப்பீடு நிலுவையில் இருப்பதால் பீஸ் வாங்க முடியாது என்று கவுண்டரில் திருப்பி அனுப்பிவிட்டார்கள். கடைசித் தேதி இம்மாதம் பதினைந்து. அதற்கப்புறம் பெயில் என்று வந்தால் பிள்ளைக்கு ஒரு வருஷம் போய்விடும்.

5. எங்கள் கடையில் சாப்பிடும் வக்கீல் வேதாச்சலம் அய்யா, முதலில் எழுத்து மூலம் மனு, பதில் இல்லாவிட்டால் ரிஜிஸ்டர் தபாலில் நோட்டீஸ், அதற்கும் அசையாவிட்டால் ஐதராபாத் ஹைகோர்ட்டில் ரிட் என்றார். மார்க் போடச் சொல்லிக் கோர்ட்டு சொல்லாதாம். முடிவைச் சொல்லு என்று சொல்லுமாம். பிள்ளை படித்த இடத்தின் மேல் பிராது போட மனம் ஒப்பவில்லை. அதனால்தான் இந்த முதல் படியிலேயே நின்று கேட்கிறேன்.

ஆகவே பதினைந்துக்குள் முடிவைச் சொல்லவும், முடியாவிட்டால் அக்டோபர் பரீட்சைக்குப் பீஸ் வாங்கிக்கொள்ளவும் உத்தரவிட வேண்டுகிறேன். பெயில் என்றால் பெயில் என்றே எழுதுங்கள். அவள் மறுபடி உட்கார்ந்து படிப்பாள். பதிலைக் கவரில் போட்டு அவள் பெயருக்கே அனுப்புங்கள். அவள் பிரித்துப் படித்துச் சொல்லும்வரை நான் ஒருவரிடமும் வாய் திறக்கமாட்டேன்.

இடம்: சித்தூர்
தேதி: 4-9-1978

தங்கள் பதிலை எதிர்பார்த்திருக்கும்,
கிருபாவதி