டி.வி. காட்டும் ஊரில் நீ இல்லை

என் பேத்திக்குப் பாட்டி கோபத்தோடு எழுதிக்கொள்வது.

நலமா என்று கேட்கப்போவதில்லை. கேட்டால் ‘நல்லாயிருக்கேன் பாட்டி’ என்பாய். நம் தெருத் தையல்காரியின் மகள் நீ இருக்கும் ஊருக்கே வேலைக்கு வருகிறாள். அவள் கையில் இதைக் கொடுத்தனுப்புகிறேன். போனில் பேசினால் உன் அப்பன் ஸ்பீக்கரைப் போட்டுவிட்டுப் பக்கத்திலேயே உட்கார்ந்துகொள்கிறான்.

போன ஞாயிற்றுக்கிழமை, திரும்பி வந்துவிடட்டுமா என்று பாதிக் குரலில் கேட்டாய். அவன் டி.வி.யைப் பார்த்துக்கொண்டே, ‘அங்க சமையக்கட்டே நம்ம வீட்டைவிடப் பெருசு, பட்டனைத் தட்டுனா பாத்திரம் தானா கழுவிக்குது, உனக்கு என்னம்மா கஷ்டம்’ என்று சிரித்தான். அவன் பார்க்கிற தொடரில் அந்த ஊர்ப் பெண்கள் பளிங்குப் படியில் இறங்கி வருகிறார்கள். படியைத் துடைத்தவளை ஒரு நாளாவது காட்டினார்களா?

தப்பு உன்மேலும் இருக்கிறது. முதலாளியம்மாவின் ஹாலில், மீன்தொட்டிக்கு முன்னால் உட்கார்ந்துதான் வீடியோவில் பேசுகிறாய். இங்கே அதையே உன் வீடு என்கிறார்கள். தங்கை கல்யாணத்துக்கு நீ வராதது பணக்காரக் கொழுப்பாம். உன் சித்தி நாலு பேரிடம் சொன்னாள். அவள்மேல் எனக்கு ஏற்கெனவே பதினோரு கோபம் இருக்கிறது. இது பன்னிரண்டு.

போன ஞாயிற்றுக்கிழமை வீடியோவில் சட்டைக் கையை விரல்வரை இழுத்துவிட்டிருந்தாய். ஏழு வயதில் இஸ்திரிப் பெட்டியில் சுட்டுக்கொண்டு, அம்மா திட்டுவாள் என்று மூன்று நாள் இப்படித்தான் திரிந்தாய். மற்றவர்கள் மறந்திருக்கலாம். மருந்து போட்டவள் நான்.

நேற்று டி.வி. ஒயரைப் பிடுங்கிவிட்டேன். உன் அப்பன் கத்தினான். ‘பெத்த பொண்ணு சொல்றதைவிட இந்தப் பொட்டி சொல்றது உனக்குப் பெருசாப் போச்சாடா’ என்று கேட்டேன். குனிந்து ஒயரைத் தேடினான்.

உன் பாஸ்போர்ட் உன்னிடம்தான் இருக்கிறதா? இதைக் கொண்டுவரும் தையல்காரி மகளிடம் சொல், அவள் தன் வீட்டுக்குப் போன் பண்ணும்போது எனக்குச் சேதி வந்துவிடும். உன் முதலாளியம்மா பிடுங்கி வைத்திருந்தால், இங்கே எந்த ஆபீசில் போய் உட்கார வேண்டும் என்று விசாரித்து வைத்திருக்கிறேன். எழுந்திரு என்றால் எழுந்திருக்கமாட்டேன்.

அப்பனிடம் உத்தரவு கேட்காதே, வந்துவிடு. வாசல் சாவி என் இடுப்பில் இருக்கிறது. எந்த நேரமானாலும் தட்டு. நீ முழுசாக வந்து சேர்ந்தால் போதும், கண்ணு.

உன் அப்பனைப் பெற்ற தப்பைச் செய்த,
பாட்டி