முதல் காரணம்

அச்சன்புதூர்
8 ஜூன் 2025

அன்புத் தம்பி மணிமுத்துவுக்கு,

அக்கா சங்கரேஸ்வரி எழுதுவது. நானும் அம்மாவும் நலம். நவதுறவகத்தில் துறவறப் பயிற்சி நடக்கும் ஒரு வருடம் போன் கிடையாது, கடிதம் மட்டும்தான் என்று நீ சொன்னதை அம்மா இன்னும் நம்பவில்லை. சாயங்காலமானால் போனைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்துவிடுகிறாள். நீ சென்னை வேலையை விட்டதைப் பொறுத்துக்கொண்டாள். ஞானஸ்நானம் வாங்கியதைக்கூட யாரிடமும் சொல்லாமல் விழுங்கிக்கொண்டாள். கல்யாணம் காட்சி இல்லாமல் சாமியாராகப் போகிறாய் என்பதைத்தான் அவளால் தாங்க முடியவில்லை. நேற்று என்னிடம் சண்டைக்கு வந்தாள்.

"ஏட்டி சங்கரி, ஒந்தம்பிக்கு கணக்கு சொல்லிக் குடுத்தவ நீதான? புஸ்தகம் படிச்சித்தான் போனேங்கான். அந்தப் புஸ்தகத்துல எங்கன தப்புன்னு நீ பார்த்துச் சொல்லு. தப்பு தெரிஞ்சா வந்துருவான்."

அதனால் பரணில் நீ வைத்துவிட்டுப் போன பெட்டியை இறக்கினேன். விசுவாசமும் பகுத்தறிவும் ஒன்றுக்கொன்று பகையல்ல என்று நிரூபிக்க எவ்வளவு பக்கங்கள்! முதல் புத்தகத்திலேயே எனக்கு இடித்தது. எல்லாவற்றுக்கும் காரணம் உண்டு, அதற்கும் ஒரு காரணம் உண்டு, ஆகவே முதல் காரணம் ஒன்று இருந்தாக வேண்டும், அதுவே கடவுள் என்கிறார்கள். ஏன் இருந்தாக வேண்டும்? எண்கோட்டில் பூஜ்யத்துக்கு இடது பக்கம் போ. எந்த எண்ணை எடுத்தாலும் அதற்கு முன்னால் ஒன்று இருக்கிறது. முதல் எண் என்று ஒன்று இல்லவே இல்லை. ஏழாம் வகுப்பில் உனக்கு இதைச் சொல்லிக்கொடுத்தது நான்.

சாப்பாடு ஒத்துக்கொள்கிறதா? இருமல் வந்தால் சொல்லாமல் இருக்காதே.

உன் அக்கா,
சங்கரி

22 ஜூன் 2025

அன்புள்ள அக்காவுக்கு,

உன் கடிதத்தைப் படித்துவிட்டு நான் சிரித்த சிரிப்பில் பக்கத்து அறைக்காரன் எட்டிப் பார்த்தான். சண்டை போடவாவது அந்தப் பெட்டியைத் திறந்தாயே!

அக்கா, புத்தகங்கள் பேசுவது வரிசையைப் பற்றி அல்ல, ஒன்று இன்னொன்றைத் தாங்கி நிற்பதைப் பற்றி. குற்றாலத்தில் அருவி விழுகிறது. தண்ணீர் எங்கிருந்து என்றால் மேலே ஓடையிலிருந்து. ஓடைக்கு? அதற்கும் மேலே இன்னொரு ஓடை. ஓடையை எவ்வளவு தூரம் நீட்டினாலும் மலையில் மழை பெய்யாவிட்டால் அருவியில் சொட்டுத் தண்ணீர் இருக்காது. நீளம் தண்ணீரை உண்டாக்காது. மழை வேண்டும். அந்த மழையைத்தான் முதல் காரணம் என்கிறோம்.

ஒன்று சொல்கிறேன், அம்மாவிடம் சொல்லாதே. இங்கே இருப்பவர்கள் எல்லாரும் ஜெபத்தில் ஏதோ ஒன்றை உணர்ந்து வந்தவர்கள். நான் கண்ணை மூடினால் இருட்டு மட்டும்தான். நான் தர்க்கத்தின் வழியாக மட்டுமே இங்கே வந்து சேர்ந்தேன். அதனால் நீ தயங்காமல் கேள். அந்தத் தர்க்கம் நிற்கிறதா என்று நானும் பார்க்க வேண்டும்.

அம்மாவுக்கு என் வணக்கம்.

அன்புடன்,
மணி

அச்சன்புதூர்
6 ஜூலை 2025

அன்புத் தம்பிக்கு,

மழை எங்கிருந்து வருகிறது? கடலிலிருந்து. கடல்? ஆற்றிலிருந்து. ஆறு? உன் அருவியிலிருந்து. வட்டமாகச் சுற்றி வருகிறதே தம்பி, இதில் முதல் எங்கே இருக்கிறது?

சாரல் இந்த வருடம் நன்றாக இருக்கிறது. தென்காசிக்கு பஸ்ஸில் போகும்போதே முகம் நனைந்துவிடுகிறது. பள்ளிக்கூடத்தில் பத்தாம் வகுப்பில் நிவேதா என்று ஒருத்தி வந்திருக்கிறாள். லோடு ஆட்டோ ஓட்டும் சுடலையாண்டியின் மகள். பூஜ்யத்தால் ஏன் வகுக்கக் கூடாது என்று கேட்டாள். கூடாது என்றுதான் புத்தகத்தில் இருக்கிறது என்றேன். "கூடாதுன்னு சொன்னாப் போதுமா டீச்சர், ஏன்னு சொல்லணும்லா?" என்றாள். அந்த வயதில் உன்னைப் பார்த்தது போல இருந்தது. உன் கடிதத்து அருவியையும் அவளிடம் சொன்னேன். இரண்டு நாள் யோசித்துவிட்டு வந்து, "அண்ணன் சொல்லுததுதான் டீச்சர் சரி. வட்டத்த சுத்த விடுதது சூரியன்லா?" என்றாள். எனக்கு எதிராக ஆள் சேர்ந்துவிட்டது.

சங்கரி

20 ஜூலை 2025

அன்புள்ள அக்காவுக்கு,

நிவேதாவுக்கு என் நன்றியைச் சொல். உன் கடிதங்களை எங்கள் தலைவர் பாதர் ஜஸ்டினிடம் காட்டினேன். வடக்கன்குளத்துக்காரர். "ஒங்க அக்காவ இங்கன அனுப்பச் சொல்லுடே, வகுப்பு எடுக்கட்டும்" என்றார். அவ்வளவு சந்தோஷம் அவருக்கு.

பெட்டியில் பச்சை அட்டைப் புத்தகம் ஒன்று இருக்கும். தீமையைப் பற்றியது. அடுத்து அதைப் படி. எல்லாவற்றிலும் பலமானது அதுதான்.

மணி

அச்சன்புதூர்
10 ஆகஸ்ட் 2025

தம்பி,

நிவேதா இறந்துவிட்டாள்.

போன ஞாயிற்றுக்கிழமை குடும்பத்தோடு குற்றாலத்துக்குக் குளிக்கப் போயிருக்கிறார்கள். கூட்டம் என்று தோப்புக்குள் விழும் பெயரில்லாத ஒரு சின்ன அருவிக்குப் போனார்கள். கீழே வெயில். மேலே மலையில் மழை பெய்தது இங்கே யாருக்கும் தெரியவில்லை. வெள்ளம் வந்ததும் சுடலையாண்டி அவள் தம்பிப் பயலைப் பிடித்துவிட்டார். இவளைப் பிடிக்க முடியவில்லை.

வீட்டுக்குப் போனேன். அவர் என் கையைப் பிடித்துக்கொண்டு, "டீச்சர், நீங்க படிச்சவுக. எதுக்குன்னு மட்டும் சொல்லுங்க. எதுக்கு?" என்று கேட்டார்.

வீட்டுக்கு வந்து உன் பச்சை அட்டைப் புத்தகத்தை எடுத்தேன். கடவுள் தீமையை அனுமதிப்பது அதிலிருந்து பெரிய நன்மையை உண்டாக்கவே, அந்த நன்மை என்னவென்று மனிதப் புத்திக்கு எட்டாது என்று போட்டிருக்கிறது. நீ பக்கத்தில் பென்சிலால் 'சரி' என்று எழுதியிருக்கிறாய்.

எட்டாது என்றால் அதை நன்மை என்று எப்படிச் சொல்கிறார்கள்? நூறு பக்கம் வரை உன் புத்தியை நம்பு, நம்பு என்றவர்கள், செத்த பிள்ளை முன்னால் வந்ததும் உன் புத்தி போதாது என்கிறார்கள். போதாது என்றால் முதல் பக்கத்திலும் போதாதுதானே? போதும் என்றால் இங்கேயும் பதில் சொல்லட்டும். எந்தப் பக்கம் பிடித்தாலும் கணக்கு உதைக்கிறது. அந்த 'சரி'யை நீ சுடலையாண்டி முகத்தைப் பார்த்துச் சொல்வாயா?

சங்கரி

14 செப்டம்பர் 2025

அன்புள்ள அக்காவுக்கு,

பதில் எழுத இத்தனை நாள் ஆகிவிட்டது.

உன் கடிதத்தை எடுத்துக்கொண்டு நூலகத்தில் உட்கார்ந்தேன். எல்லா நூல்களிலும் தேடினேன். நீ சொன்ன இடத்துக்கு வந்ததும் எல்லாரும் குரலைத் தாழ்த்திக்கொள்கிறார்கள். முதலில் அந்தப் பக்கத்தின் மேலிருந்த நம்பிக்கை போனது. பிறகு அதற்கு முன்னால் இருந்த பக்கங்கள் ஒவ்வொன்றாகப் போயின. உன் எண்கோட்டுக்குப் பதிலாக நான் சொன்ன அருவிகூட மிஞ்சவில்லை.

பாதர் ஜஸ்டினிடம் சொன்னேன். அவர் கோபப்படவில்லை. "நீ கடவுள நம்பல மணி. கடவுள் இருக்காருங்குத முடிவத்தான் நம்பியிருக்க. ரெண்டும் வேற. இன்னுங் கொஞ்ச நாள் இங்கனயே இரு" என்றார். அவர் சொன்னது உண்மை என்பதால்தான் இருக்க முடியவில்லை. மற்றவர்கள் கண்ணை மூடி அழுகிறார்கள். நான் கண்ணைத் திறந்து சுவரைப் பார்த்துக்கொண்டிருக்கிறேன்.

நாளை கிளம்புகிறேன். கொஞ்ச நாள் திருப்பூரில் என் நண்பன் சுபாஷ் அறையில் இருப்பேன். முகவரி பின்னால் எழுதியிருக்கிறேன். வீட்டுக்கு வரவில்லை. அம்மா என்னைக் கையைப் பிடித்துக் கோயிலுக்குக் கூட்டிப் போவாள், திருநீறு பூசிவிடுவாள். அதற்கும் எனக்குத் தகுதி இல்லை. இங்கே பொய்யாக நிற்க முடியாதவன் அங்கே மட்டும் எப்படி நிற்பேன்?

உன்மேல் கோபம் இல்லை. நீ சரியாகத்தான் கேட்டாய்.

மணி

அச்சன்புதூர்
28 செப்டம்பர் 2025

என் தம்பிக்கு,

நீ வெளியே வந்துவிட்டாய் என்று சொன்னதும் அம்மா அன்றே இட்லிக்கு ஊறப்போட்டாள். வீட்டுக்கு வரமாட்டான் என்பதை இரண்டு நாள் கழித்துத்தான் சொன்னேன். மாவு புளித்துப் போயிற்று.

நான் கேட்டதில் தவறு இருக்கிறது, கவனமாகப் படி. ஒரு முடிவிலித் தொடரின் முதல் சில உறுப்புகளை மட்டும் பார்த்து அதன் கூட்டுத்தொகையைச் சொல்ல முடியுமா? முடியாது. அதற்காகக் கூட்டுத்தொகையே இல்லை என்று ஆகிவிடாது. இரண்டும் இரண்டும் நான்கு என்று சொல்லும் அதே புத்திதான் 'இதற்கு மேல் எனக்குத் தெரியவில்லை' என்றும் சொல்கிறது. இரண்டுமே நேர்மையான விடைகள். உன் புத்தகங்கள் ஏமாற்றவில்லை மணி. நான்தான் துக்கத்தில் எல்லாவற்றையும் சேர்த்து அடித்துவிட்டேன்.

திரும்பிப் போ. பாதர் ஜஸ்டின் இருக்கச் சொன்னாரே, அவரிடம் போ. நான் இதை எழுதும்போது அம்மா பின்னால் வந்து நின்றாள்.

"ஏட்டி, அவன அங்கனயே போகச் சொல்லியா எழுதுத?"

ஆமாம் என்றேன். அம்மா என் பக்கத்தில் உட்கார்ந்தாள். பிறகு சொன்னாள்: "எங்கனயாவது ஒரு எடத்துல இருந்தான்னாச் சரி."

அக்கா இதையெல்லாம் நம்புகிறாளா என்று நீ கேட்பாய். கணக்கில் பிழை இல்லை. அவ்வளவுதான் என்னால் சொல்ல முடியும்.

சங்கரி

அச்சன்புதூர்
16 நவம்பர் 2025

அன்புத் தம்பி மணிமுத்துவுக்கு,

சுபாஷ் போன் செய்தான். ஐப்பசி பிறந்ததுமே நீ அறையைக் காலி செய்துகொண்டு போய்விட்டாயாம். எங்கே என்று அவனிடமும் சொல்லவில்லை. போனை அங்கேயே விட்டுவிட்டுப் போயிருக்கிறாய். நான் செப்டம்பரில் எழுதிய கடிதத்தை நீ படித்தாய், மடித்துச் சட்டைப் பையில் வைத்தாய், "அக்கா எனக்காகப் பொய்க் கணக்குப் போட்டிருக்கா" என்று மட்டும் சொன்னாய் என்றான். வேறு முகவரி இல்லாததால் இதையும் அவன் முகவரிக்கே அனுப்புகிறேன்.

பாதர் ஜஸ்டினுக்கும் எழுதினேன். அங்கேயும் நீ போகவில்லை. தேடிப் பார்ப்பதாகச் சொல்லியிருக்கிறார். அம்மா இப்போது போனைத் தொடுவதில்லை. சுடலையாண்டி ஒருநாள் வழியில் பார்த்து, "தம்பி வந்துட்டாவளா டீச்சர்?" என்று விசாரித்தார். வரவில்லை என்றேன். அவர் என்னை வண்டியில் ஏற்றி வீட்டில் கொண்டுவந்து விட்டார்.

போன ஞாயிறு தென்காசியில் ஒரு மாதா கோவிலுக்குள் போய்க் கடைசி வரிசையில் உட்கார்ந்தேன். உன்னிடம் சொன்னால் சிரிப்பாய். பக்கத்தில் ஒரு பெண், நான் வாயை அசைக்காமல் இருப்பதைப் பார்த்து, "ஜெபம் தெரியாட்டிப் பரவால்ல, ஆண்டவர் பேர மட்டும் சொல்லுங்க, போதும்" என்றாள்.

கண்ணை மூடினேன். நீ சொன்ன இருட்டுதான் இருந்தது. எனக்கு உன் பெயர்தான் வந்தது. அதையே சொல்லிக்கொண்டிருந்தேன்.

உன் அக்கா,
சங்கரி