பாண் ஓட்டோவின் தலைகீழ்ப் பாட்டு

அன்புத் தங்கச்சிக்கு,

சொல்ல வெட்கம்தான். ஐம்பத்திரண்டு வயதிலும் பேக்கரிப் பாண் விற்று வரும் ஓட்டோவின் பாட்டுக் கேட்டால் நைட்டியோடு ஒழுங்கையில் ஓடுகிறேன். பாதி வெள்ளவத்தைக்கு இது தெரியும்.

போன செவ்வாய்க்கிழமை, மழையில் நனைந்த ஸ்பீக்கர் பாட்டை வாலிலிருந்து தலைக்குப் பாடியது. பின்னால் ஓடினேன். ஒழுங்கை முடிந்த இடத்தில் கொட்டாஞ்சேனையில் உன் வீடு. பாட்டைப் போலவே நாளும் பின்னால் ஓடியிருந்தது: ஆறு வருடத்துக்கு முந்தி நீ என்னோடு கதைப்பதை நிறுத்திய அதே ஞாயிறு. உன் மகள் ஆரணியைப் பெண் பார்க்க வந்தவர்கள் உள்ளே இருந்தார்கள்.

என் வாயைப் பொத்தத்தான் போனேன். வாசலில் செருப்பைக் கழற்றுவதற்குள், உள்ளே இருந்த அன்றைய நான் சொல்லிவிட்டேன்: "இவள் போட்ட தேத்தண்ணியோ? கவனமாக் குடியுங்கோ, போன கிழமை பூனை மயங்கி விழுந்தது!"

எல்லோரும் சிரித்தார்கள். அன்றைக்கு நான் அவர்களைத்தான் பார்த்தேன். இந்தமுறை உன் முகத்தைப் பார்த்தேன். நீ கதைக்காமல் விட்டது சரிதான். என்னை மன்னித்துக்கொள். வரச் சொன்னால் வருகிறேன்.

பாட்டு நிற்கப் போனது; நின்றால் அந்த ஞாயிறிலேயே மாட்டிக்கொள்வேன். வாசலில் கிடைத்த செருப்புகளில் காலை நுழைத்துக்கொண்டு ஓடி வந்தேன். வீட்டில் பார்த்தால் இடது காலில் என் செருப்பு. வலது காலில், அந்த ஞாயிறு பின்னேரம் முழுக்க உன் மனுசன் தேடித் திரிந்த செருப்பு.

உன் வாயாடி அக்கா