திரும்பி நின்று எடுத்த படம்

நேற்று நம் நெகட்டிவ் டப்பாவைத் திறந்தேன். முப்பது வருஷத்துக்கு மேல் பரணில் கிடந்த பிலிம், காடியாகப் புளித்து நாறுகிறது. சுருள்கள் ஒன்றோடொன்று ஒட்டி, தொட்ட விரலெல்லாம் பிசுபிசுப்பு. நீ செத்துப்போய் ஒரு மாதம் ஆன பிறகுதான் திறக்கத் துணிந்தேன். நீ இருக்கும்போது திறந்திருந்தால், அதில் எலிப்பல் படாமலே ஒரு துண்டு குறைவது உனக்குத் தெரிந்துபோயிருக்கும்.

அந்தக் கேமராவைப் பர்மா பஜாரில் ஆளுக்குப் பாதி போட்டு வாங்கினோம். பொத்தானை அமுக்குவதைத் தவிர அதில் செய்ய ஒன்றும் கிடையாது. உனக்கு அம்பத்தூர் எஸ்டேட்டில் கடைசல் வேலை. நான் பூந்தமல்லியில் பைப் கடை வைத்த புதிது. ஞாயிற்றுக்கிழமையானால் கொரட்டூரில் தொடங்கி ஆவடி வரை சைக்கிள் மிதிப்போம். போர்வைக்குள் தலையை விட்டு இருட்டில் ரோலை மாட்டினால் முப்பத்தாறுக்கு மேல் இரண்டு படம் கிடைக்கும் என்று வேர்க்க வேர்க்க மாட்டுவாய். அவ்வளவு கணக்குப் பார்க்கிறவன், எந்த இடத்துக்குப் போனாலும் இரண்டு படம் எடுக்காமல் நகரமாட்டாய். எதிரே பார்த்து ஒன்று, நின்ற இடத்திலேயே திரும்பி ஒன்று.

“எதுக்கு மச்சான் பிலிமை வேஸ்ட் பண்றே?” என்பேன்.

“முன்னாடி கீறத எல்லாருந்தான் பாப்பான். முதுகுக்குப் பின்னாடி இன்னா கீதுன்னு பாரு மாமே, அப்பத்தான் ஊரு தெரியும்.”

புதுக் கல்யாண மண்டபத்தை எடுத்துவிட்டுத் திரும்பினால் எச்சில் இலைக் குவியலில் பன்றி. கம்பெனி வாசலை எடுத்துவிட்டுத் திரும்பினால் நுரை தள்ளும் சாக்கடை. நான் மூக்கைப் பிடித்துக்கொண்டு நிற்பேன். நீ நிதானமாக அமுக்குவாய்.

ஒரு கோடையில் ஐயப்பன்தாங்கல் தாண்டி ஓர் ஏரி வற்றிக் கிடந்தது. வெடித்த தரையில் கிரிக்கெட் நடந்துகொண்டிருந்தது. அதை எடுத்தாய். திரும்பி, கரையில் ஏரித் தண்ணீரைத் திறந்துவிடும் மதகை எடுத்தாய்.

சில வருஷம் கழித்து, அந்த ஏரியையே மனை போட்டு விற்கிறவன் ஒருவன் என் கடைச் சுவரில் அந்தக் கிரிக்கெட் படத்தைப் பார்த்தான். கேட்டான், கொடுத்தேன். ‘நல்ல மேட்டு நிலம்’ என்று நோட்டீஸில் போட்டுக்கொண்டான். ஆவடி குவார்ட்டர்ஸில் இருந்த திருநெல்வேலிக்காரர் ஒருவர், ரிட்டயரான பணத்தையெல்லாம் போட்டு அங்கே வீடு கட்டினார். வந்த முதல் ஐப்பசியிலேயே வீட்டுக்குள் இடுப்பளவு தண்ணீர். ஏரியே இல்லை, எங்கும் தேங்குகிற மழைத் தண்ணீர்தான் என்று விற்றவன் சாதித்தான்.

நோட்டீஸில் நீ எடுத்த படத்தைப் பார்த்துவிட்டு நீயே அவரைத் தேடிப் போய், என் கடைக்கு அழைத்து வந்தாய். வேட்டியெல்லாம் சேறு, சாக்கடை நாற்றம்.

“தம்பி, படத்துல தரையத்தான காட்டுனாவ?” என்றார் என்னிடம். குரலில் கோபம்கூட இல்லை.

நீ அவசரப்பட்டாய். “அந்த நெகட்டிவை எடு மாமே. ஒரே துண்டுல பக்கத்துலயே மதகு கீது. தாசில்தாராண்ட காட்டி, இவரு துட்டைத் திருப்பி வாங்கிக்கலாம்.”

“எலி கடிச்சிடுச்சி மச்சான். தூக்கிப் போட்டுட்டேன்.”

“படத்தை எவ்ளோக்குக் குட்த்தே?”

“சும்மா கேட்டான், சும்மாத்தான் குட்த்தேன்.”

என் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றாய். “உன் மூஞ்சில பொய்யி மாரியே தெர்ல. அதான் பேஜாரா கீது.”

கேமராவைக் கல்லா மேல் வைத்துவிட்டுப் போனாய். அவர் அந்த வீட்டைச் செங்கல் விலைக்குத் தள்ளிவிட்டு ஊருக்குப் போனார். அதற்குப் பிறகு எந்த ஞாயிற்றுக்கிழமையும் நீ என்னைக் கூப்பிடவில்லை. கல்யாண வீட்டில் பார்த்தால், “கடை எப்டி கீது?” என்பாய். அதோடு சரி.

எலி கடிக்கவில்லை. அந்தத் துண்டை நான் விற்றேன். திரும்பி எடுத்த படம் வெளியே இருக்கக் கூடாது என்று மனை விற்கிறவன் கேட்டபோதே எதற்கு என்று எனக்குப் புரிந்தது. புரிந்துதான் விற்றேன். இத்தனை வருஷ வியாபாரத்தில், விலை கேட்டவனுக்கு நான் உண்மை விலையைச் சொல்லாமல் விட்டது உனக்கு மட்டும்தான். கேட்டுக்கொள்.

இருநூறு ரூபாய். படமும் நெகட்டிவும் சேர்த்து. வேறு பிரிண்ட் போடக் கூடாது. பதிலுக்கு, அந்த மனைகளில் எழும்பும் வீடுகளுக்கெல்லாம் பைப் என் கடையில்தான் வாங்க வேண்டும். முதல் லோடு திருநெல்வேலிக்காரர் வீட்டுக்குப் போனது.