உப்பு மட்டும்

மார்ச் 2, ஞாயிறு

கோழி ஷெட்டில் குஞ்சு இறக்கினார்கள். சூட்டுக்குக் கரிச்சட்டிகளைப் பற்றவைத்துவிட்டு வீட்டுக்கு வந்தால், காலையில் உட்கார்ந்த இடத்திலேயே சாரதாமணி உட்கார்ந்திருக்கிறாள். ஜப்பானுக்கு வேலைக்குப் போன எங்கள் யோகேஷ் பெட்டியில் திரும்பி வந்து வருஷம் ஆகப்போகிறது. பெற்ற மகனுக்கு அவள் இன்னும் ஒரு சொட்டு அழவில்லை. துக்கத்துக்கு வந்த பெண்கள்கூட ஒரு மாதிரியாகப் பார்த்துவிட்டுப் போனார்கள். டாக்டர் மாத்திரை கொடுத்தார். தூங்குகிறாள், அவ்வளவுதான். தட்டில் வைத்த சோறு அப்படியே காய்கிறது. இவளும் போய்விடுவாளோ?

மார்ச் 4, செவ்வாய்

தமிழரசு போன் செய்தான். அங்கே யோகேஷோடு ஒரே அறையில் இருந்த பையன். வருஷப் படையலுக்கு லீவு போட்டு வருகிறானாம். சாரதா என் கையிலிருந்து போனைப் பிடுங்கினாள்.

"அங்க அவன் எதைச் சாமி விரும்பித் திம்பான்?"

"யாகிடோரிங்கம்மா. கோழியக் குச்சியில குத்திக் கரியில வாட்டறதுங்க. உப்பு மட்டும் போட்டதுதான் வேணும்பானுங்க."

அதைத்தான் படைக்க வேண்டுமாம். நாட்டுக்கே கோழி அனுப்புகிற ஊரில் ஜப்பான்காரன் கோழி! எரிச்சலாகத்தான் வந்தது. ஆனால் அவள் வாய் திறந்து ஒன்று கேட்டு எத்தனை நாளாயிற்று? சரி என்றேன்.

மார்ச் 9, ஞாயிறு

தோலோடு வேண்டும் என்று தமிழரசு சொல்லியிருந்தான். கறிக்கடை மயில்சாமி, "நாய்க்குங்களாண்ணா?" என்றான். காசைக் கொடுத்துக் கறியை வாங்கிக்கொண்டு வந்தேன்.

ஷெட்டுக் கரிச்சட்டியையே அடுப்பாக்கினோம். குச்சிக்குத் தென்னை ஈர்க்கு. போனில் படம் பார்த்த தமிழரசு தயங்கினான்.

"மஞ்சள் போடறதில்லீங்கம்மா."

"மஞ்சள் போடாமக் கழுவுனா கவுச்சி அடிக்காதா சாமி?"

மறுபடி செய்தாள். மறுபடியும் மஞ்சள். கை தானாகப் போகிறது, அவள் என்ன செய்வாள்? மஞ்சள் டப்பாவை எடுத்துப்போய் ஷெட்டில் ஒளித்து வைத்தேன்.

மார்ச் 14, வெள்ளி

ஈர்க்கு எரிந்து கறி முழுதும் தணலில் விழுந்துவிட்டது. தணலில் தண்ணீரை ஊற்றிவிட்டுப் படுத்துவிட்டோம்.

மார்ச் 17, திங்கள்

தமிழரசு வந்துவிட்டான். அங்கிருந்தே மூங்கில் குச்சி கொண்டுவந்திருக்கிறான். சாரதா அதை வாங்கி மோந்து பார்த்தாள்.

மார்ச் 18, செவ்வாய்

படையல் முடிந்தது. எழுதக் கை வரவில்லை. இருந்தாலும் எழுதிவிடுகிறேன்.

படைப்பதற்கு முன் ருசி பார்க்கக் கூடாது. குழம்புக்கு என்றால் அவள் கை அளவு அறியும். இதற்கு, குச்சி தணலில் இருக்கும்போதே உப்பைத் தூவ வேண்டும். அந்த நேரம் பார்த்துச் சூடம் எங்கே என்று யாரோ கூப்பிட, எழுந்து போனாள். திரும்பி வந்து அப்படியே எடுத்து இலையில் வைத்துவிட்டாள். விசிறிக்கொண்டிருந்த எனக்கும் தோன்றவில்லை.

கும்பிட்டு எழுந்து மூன்று பேரும் ஆளுக்கொரு குச்சி எடுத்தோம். கடித்தேன். உப்பே இல்லை. தமிழரசு என்னைப் பார்த்தான். சாரதா மென்றாள். மென்றுகொண்டே இருந்தாள்.

"இப்படி உப்புச் சப்பில்லாததத் தின்னுக்கிட்டா என்ற பையன் அங்க கெடந்தான்?"

"இல்லீங்கம்மா, உப்பு…" என்று தமிழரசு ஆரம்பித்தான். அவன் தொடையை அழுத்திப் பிடித்தேன்.

மாரில் அறைந்துகொண்டு அழுதாள். அய்யோ சாமி, அய்யோ சாமி என்று. அக்கம்பக்கமெல்லாம் ஓடிவந்தது. யாரையும் தடுக்க விடவில்லை நான். நானும் அழுதேன்.

மார்ச் 19, புதன்

கிளம்பும்போது தமிழரசு சொன்னான்: "அவன் நல்லாத்தான் சாப்பிட்டானுங்கப்பா. அம்மாகிட்டச் சொல்லிருங்க."

சொல்ல வேண்டும். இப்போது இல்லை.

மார்ச் 23, ஞாயிறு

சாரதா கோழிக்குழம்பு வைத்தாள். வாயில் வைக்க முடியாத உப்பு. எனக்கு எதிரே உட்கார்ந்து அவளும் பிசைந்து சாப்பிட்டாள். இன்னும் கொஞ்சம் ஊற்றச் சொன்னேன்.