சோப்பு டப்பா டாக்டர்

என் செல்ல வாலுவுக்கு அப்பா எழுதுவது. நான் நலம், உன் அம்மா நலத்துக்கும் ஒரு படி மேலே. உனக்கு இருமல் விட்டதா, வெந்நீர் குடிக்கிறாயா என்று முதலிலேயே கேட்டுவிடுகிறேன், இல்லாவிட்டால் இந்தச் சந்தோஷத்தில் மறந்துபோவேன். அம்மா ஜெயித்துவிட்டாள்! உன்னிடம் போனில் ரெண்டே வார்த்தையில் முடித்துவிட்டாளாம், அவள் அப்படித்தான், முழுக்கதையை நான் சொல்கிறேன்.

பிள்ளைகளின் விளையாட்டுப் பாட்டை ஆராயப்போகிறேன் என்று ஐம்பது வயதில் அவள் கிளம்பியபோது உன் அத்தை சிரித்த சிரிப்பு நினைவிருக்கும். இந்தத் தடவையும் ஆய்வேட்டைத் திருப்பிவிட்டால் பதிவே ரத்து என்று பல்கலைக்கழகத்தில் சொல்லியிருந்தார்கள். காலையில் பதற்றத்தில் ஜோடி மாறிய செருப்போடு படியிறங்கினாள், நான்தான் பார்த்து மாற்றச் சொன்னேன். வாய்மொழித் தேர்வுக்கு வந்த வெளியூர்ப் பேராசிரியர், நம் கண்ணாடிக் கடையில் யாருமே வாங்காத மாதிரிக் கனத்த பிரேம் போட்டிருந்தார். நம் குடியிருப்புப் பிள்ளைகள் ஆட்டத்தில் ஒவ்வொருவராக எண்ணி ஆளைக் கழிக்கச் சொல்லும் பாட்டை ஆய்வேட்டிலிருந்து எடுத்து, "சிக்கிரி பிக்கிரி சோப்பு டப்பா, சீக்கிரம் வெளியே போப்பா" என்று உரக்கப் படித்தார். கூடமே சிரித்தது. "வெறும் உளறல்தானேம்மா, இதுல என்ன பண்பாடு இருக்கு?" என்றார். பின்வரிசையில் உட்கார்ந்திருந்த நான் நாற்காலி நுனிக்கே வந்துவிட்டேன்.

உன் அம்மா நிதானமாகத் தண்ணீர் குடித்துவிட்டு, "ஐயா, சின்ன வயசுல நீங்க ஆளைக் கழிக்க என்ன சொல்வீங்க?" என்று கேட்டாள். அவர் விரலை நீட்டி ஒவ்வொருவராகச் சுட்டிக்கொண்டே ஒரு பாட்டைக் கடகடவென்று சொன்னார், ஒரு எழுத்து தடுக்கவில்லை! யார் கற்றுக்கொடுத்தது என்றாள். பக்கத்து வீட்டுப் பெண் என்றார். அவளுக்கு யார் என்றாள். அவரே சிரித்துவிட்டு, "இன்னொரு புள்ளையாத்தான் இருக்கும்" என்றார். "பெரியவங்க சொல்லித்தராம, பரீட்சை வைக்காம, புள்ளைங்க கையிலேயே ஓடிட்டு வர்ற பாடம் ஐயா இது. இதுல சட்டமும் உண்டு, கேளுங்க" என்று செல்போன் பதிவைப் போட்டாள். கடைக்குட்டி வெளியேற வேண்டிய இடத்தில் பெரிய பெண் ஒருத்தி "இல்ல இல்ல தப்பப்பா" என்று ஒரு வரியை நீட்டி, எண்ணிக்கையைத் தன் தலையிலேயே விழவைத்துக்கொள்கிறாள். "கடைக்குட்டி மாட்டும்போது மட்டும்தான் இந்த வரி வருது. ஏன்னு கேட்டா, அது ஒப்புக்குச் சப்பாணி ஆன்ட்டி, அழுதுரும்னு சொல்லுதுங்க. இரக்கத்தை யாரும் எழுதித்தரல, அதுங்களே பாட்டுல சேர்த்து வச்சிருக்குங்க" என்றாள்.

பேராசிரியர் இன்னொரு தடவை போடச் சொன்னார். கேட்டு முடித்ததும் எழுந்து நின்று, "வாழ்த்துகள், டாக்டர்" என்று கைகூப்பினார். முதலில் கை தட்டியது நான்தான், மற்றவர்கள் தொடங்கும்வரை ஒற்றை ஆளாகத் தட்டிக்கொண்டிருந்தேன், வெட்கப்படவில்லை. உன் அத்தை மறுநாளே ஓடிவந்து, தனக்கும் நாலு பாட்டு தெரியும், புத்தகத்தில் போடணும் என்று உட்கார்ந்துவிட்டாள்.

நேரத்துக்குச் சாப்பிடு. சளியை அலட்சியப்படுத்தாதே. உன் தெருவில் பிள்ளைகள் ஏதாவது பாடிக் கத்தினால் அப்படியே பதிவு செய்து அனுப்பு, புரியாவிட்டாலும் திருத்தாதே என்று அம்மா கண்டிப்பாகச் சொல்லச் சொன்னாள், அடுத்த புத்தகத்துக்கு இப்போதே உட்கார்ந்துவிட்டாள். நீ நோய்நொடி இல்லாமல், நினைத்ததெல்லாம் கைகூடி, எந்தச் சபையிலும் உன் அம்மாவைப்போல் நிமிர்ந்து நிற்க என் ஆசிகள்.

இப்படிக்கு,
டாக்டரம்மாவின் வீட்டுக்காரர்,
உன் அப்பா