அப்பா கழற்றிக் கொடுத்த அரைஞாண்

ராஜபாளையம்
வியாழன் காலை

அன்பு மகன் விக்னேஸ்வரனுக்கு அம்மா எழுதிக்கொள்வது. நான் உடம்புக்குக் குறைவில்லாமல் இருக்கிறேன், மதுரை விடுதியில் உன் தங்கச்சி யுவராணியும் அப்படியே, அந்த மலைக் குளிரில் நீயும் காய்ச்சல் தலைவலி இல்லாமல் இருக்க வேண்டும் என்று மாரியம்மனை வேண்டிக்கொள்கிறேன். இதில் அப்பாவைச் சேர்க்காமல் விட்டதை நீ கவனித்திருப்பாய். அவருக்காகத்தான் இந்தக் கடிதம். ஞாயிற்றுக்கிழமை நீ கூப்பிடும்போதெல்லாம் ஸ்பீக்கரில் போட்டுக்கொண்டு பக்கத்திலேயே உட்கார்ந்திருக்கிறார், நான் வாயைத் திறந்தால் பார்வையாலேயே அடக்கிவிடுகிறார்.

மில்லில் நூல் லோடு நின்றுபோனதும் நம் குட்டியானை வண்டி வாசலிலேயே கிடந்ததும் உனக்குத் தெரியும். வண்டியைத் தூக்கிக்கொண்டு போக பைனான்ஸ்காரர்கள் இரண்டு தரம் வந்ததும், யுவராணியின் கடைசி வருஷப் படிப்புக்கு வழியில்லாமல் நின்றதும் உனக்குத் தெரியாது, நீ அனுப்புவதற்கு மேல் உன்னால் என்ன செய்ய முடியும் என்று அப்பாதான் சொல்ல வேண்டாம் என்றார். தீபாவளி முடிந்து பரணில் பார்த்தபோது நீங்கள் இருவரும் சின்னதில் படுத்த இலவம்பஞ்சு மெத்தையைக் காணோம். அப்பாவிடம் கேட்டால் இரவல் கொடுத்திருக்கிறேன் என்று மழுப்பினார். கான்சாபுரத்துப் பொன்னுராஜ் இப்போது அவரோடு துணைக்கு வண்டியில் போகிறான், அவன் வாய்தான் நிற்காதே, காபி குடிக்க வந்தவன் சிரித்துக்கொண்டே, “மதினி, ஒங்க மெத்தை மேல மருந்து மகராணி கணக்கா படுத்துக்கிட்டு வருது, முன்னாடி உக்காந்து வேர்க்கது நாங்கதான்” என்று சொல்லிவிட்டான்.

மருந்து என்றால் பட்டாசு மருந்து. ஸ்ரீவில்லிபுத்தூருக்கு அந்தப் பக்கம் மக்காச்சோளக் காட்டுக்குள் லைசென்ஸ் இல்லாமல் ஒரு பட்டாசுக் கொட்டகை நடந்திருக்கிறது. இப்போது அதிகாரிகள் ஒவ்வொரு இடமாகச் சோதிப்பதால் இருப்பதை எல்லாம் ஆள் அறியாமல் காலி செய்யப் பார்க்கிறார்கள். மழையில் கூரை ஒழுகிக் கலவையெல்லாம் ஈரமாகிவிட்டது, ஈரம் பட்ட மருந்து தானாகவே சூடேறும், ஒரு குலுங்கல் போதும் என்கிறார்கள். அதைப் பிளாஸ்டிக் வாளி வாளியாக மணல்மேலும் மெத்தைமேலும் வைத்து, ஸ்ரீவில்லிபுத்தூர் ராஜபாளையம் வழியாகத் தேவதானத்துக்கு அப்பால் கைவிட்ட குவாரியில் கொண்டுபோய்ப் போட வேண்டும். ஒரு நடைக்கு அரை வருஷ வருமானம். ஆள் பிடித்தவர் சுந்தரபாண்டியன் என்று ஒரு புரோக்கர், அவருக்கும் ஒரு தர்மம் உண்டாம், “கடமை முடிச்ச ஆளா வாங்க, பிள்ளைகுட்டிக்காரன் பாவம் எனக்கு வேண்டாம்” என்றிருக்கிறார். அப்பா என்ன சொன்னார் தெரியுமா, மகன் பட்டாளத்தில் சர்க்கார் சம்பளம் வாங்குகிறான், மகளைக் கான்சாபுரத்தில் கட்டிக் கொடுத்தாச்சு என்று. ஊர் பேரைக்கூட யோசித்து வைத்திருக்கிறார். சம்பந்தி வீட்டு விருந்துக்கு எப்பண்ணே போவோம் என்று பொன்னுராஜ் இன்றுவரை கேலி செய்கிறான். எனக்குச் சிரிப்பு வரவில்லை. உனக்கு வேலை கிடைத்த அன்று தெரு முழுக்க மிட்டாய் கொடுத்தோமே, அந்த வேலைதான் உன் அப்பாவைச் சாகத் தகுதியானவர் ஆக்கியிருக்கிறது.

போலீசில் சொல்வேன் என்றேன், முதல் விலங்கு எனக்குத்தான் என்றார். உங்கள் உயிர் உங்களுடையது, ரோட்டோரம் தூங்குகிற சனங்கள் என்ன செய்தார்கள் என்று கேட்டேன். “அதான் ஆள் நடமாடுறதுக்குள்ள தாண்டிருதோம்ல” என்று சொல்லிவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டார். அது பதில் இல்லை என்பது அவருக்கும் தெரியும்.

போன வாரம் இதே வேலைக்குப் போன தளவாய்புரத்து ரத்தினம் குவாரிப் பாதையில் வண்டியோடு போய்விட்டார். பேப்பரில் கேஸ் சிலிண்டர் வெடித்தது என்று போட்டிருந்தது. நாங்கள் துட்டி கேட்க அவர் வீட்டுக்குப் போனோம். வெள்ளைத் துணியில் சின்ன மூட்டையாகக் கட்டி வைத்திருந்தார்கள். எடுப்பதற்கு முன் அரைஞாணை அறுக்க வேண்டும் அல்லவா, பெரியவர்கள் அதைக் கேட்டார்கள். இந்த வேலைக்குப் போகும்போது உடம்பில் பொட்டு உலோகம் இருக்கக் கூடாது, உரசினால் பொறி பறக்கும் என்று வெள்ளி அரைஞாண் கொடி, தாயத்து எல்லாவற்றையும் கழற்றி வைத்துவிட்டுத்தான் போவார்களாம். அவர் மனைவி கருத்தம்மா உள்ளே போய் ஆணியில் தொங்கிய கொடியை எடுத்து வந்து நீட்டினாள், “கட்டுறதுக்கு இடுப்பு இல்ல, அறுக்கதுக்கு மட்டும் கொடி கேக்கியளே” என்றாள். அழவில்லை. மூட்டைமேல் அதை வைத்து அறுத்தார்கள். நம் வீட்டுக் கண்ணாடிக்குப் பக்கத்து ஆணி எனக்கு ஞாபகம் வந்தது. இரண்டு முறை அதில் அப்பாவின் கொடியைப் பார்த்துவிட்டு, குளிக்கக் கழற்றினார் போல என்று நினைத்திருக்கிறேன்.

இதைப் பார்த்த பிறகு நிறுத்திவிடுவார் என்றுதான் நம்பினேன். திரும்பி வரும்போது பஸ்ஸில், “ரத்தினம் கொஞ்சம் அவசரப்பட்டுட்டான். எனக்கு இன்னும் ஒரு நடைதான், முனீசு” என்றார். செத்தவன் செய்த தப்பு ஒன்றைக் கண்டுபிடித்துவிட்டால் தான் பிழைத்துவிடலாம் என்று மனிதர்கள் நினைத்துக்கொள்கிறார்கள். புத்தகங்களில் இப்படிப்பட்டவர்களை நிறையப் படித்திருக்கிறேன், அங்கே என்றால் பிடிக்காவிட்டால் மூடி வைத்துவிடலாம்.

இன்றைக்குத்தான் அந்தக் கடைசி நடை. விடியுமுன் கிளம்பும்போது கொடியை ஆணியில் மாட்டவில்லை, என் கையில் கொடுத்து உங்கிட்டயே இருக்கட்டும் என்றார். அவர் உடம்புச் சூடு அதில் இருந்தது. போட்டுவிட்டுத் திரும்பும்போது எப்போதும் கூப்பிட்டு, சோறு வடிச்சிட்டியா என்று கேட்பார். பள்ளிக்கூட பஸ்ஸெல்லாம் போய்விட்டன, தெருவில் கீரைக்காரியும் வந்து போய்விட்டாள், இன்னும் கூப்பிடவில்லை. குவாரிப் பக்கம் டவர் கிடைக்காது என்று எனக்கு நானே சொல்லிக்கொள்கிறேன். பொன்னுராஜ் போனும் எடுக்கவில்லை.

நாளைக்கு யாராவது உன் அப்பா குடித்துவிட்டு ஓட்டினார், களவுச் சரக்குக் கடத்தினார் என்று சொன்னால் நம்பாதே. என்ன ஏற்றினார், யாருக்காக ஏற்றினார் என்று உனக்காவது தெரிய வேண்டும். அவர் செய்தது சரி என்று நான் சொல்லவில்லை. யுவராணிக்குப் பரீட்சை முடியும்வரை ஒன்றும் சொல்லாதே, இல்லாத புருஷனைப் பற்றி எப்போதுமே சொல்ல வேண்டாம்.

போஸ்ட் ஆபீஸ் திறந்ததும் இதைப் பதிவுத் தபாலில் அனுப்பப் போகிறேன், உள்ளே துணியில் சுற்றி அந்தக் கொடியையும் வைத்திருக்கிறேன். வீட்டில் இருந்தால் யாராவது கேட்பார்கள், நானும் கருத்தம்மா மாதிரி எடுத்து நீட்டிவிடுவேன். அப்பா வந்து கோபப்பட்டால் கறுப்புக் கயிறு வாங்கிக் கட்டிவிடுகிறேன்.

வேளைக்குச் சாப்பிடு, காதை மூடிக்கொள், இருமலை அசட்டை செய்யாதே. நீ நீண்ட ஆயுளோடு இருக்க வேண்டும், என் ஆசி எப்போதும் உனக்கு உண்டு. கொடியைப் பத்திரமாக வைத்துக்கொள். அப்பா கேட்டால் கொண்டு வா. வேறு யார் கூப்பிட்டு வரச் சொன்னாலும் உடனே புறப்பட்டு வா, அதை மட்டும் கொண்டு வராதே.

இப்படிக்கு
உன் அம்மா
ஆ. முனீஸ்வரி